சாய்ந்த தலையும் வறண்ட கண்ணும்: காசிமேட்டு நாய் ஒன்றின் நிகழ்வு ஆய்வு

அன்று காலை பிடித்த டிசம்பர் மழை இரவு வரை விடவில்லை. எட்டரை மணி இருக்கும். சென்னை தண்டையார்பேட்டையில் உள்ள எங்கள் சிறிய கிளினிக்கின் வாசலில் ஒரு மீன்பாடி வண்டி வந்து நின்றது. மீன் வைக்கும் நீல நிறப் பிளாஸ்டிக் பெட்டியில் பழைய புடவையை விரித்து, அதில் ஒரு நாயைக் கிடத்திக் கொண்டுவந்திருந்தார்கள். செம்பழுப்பு நிற நாட்டு நாய், ஆண், 11 வயது, எடை 18 கிலோ, பெயர் டைகர். பெட்டியைக் கீழே இறக்கியதும் அது வலப்பக்கமாக உருண்டது. நிமிர்த்தி வைத்தால் மறுபடியும் வலப்பக்கமே உருண்டது. வாயோரம் எச்சில் வழிந்துகொண்டிருந்தது.

"வாதம் அடித்துவிட்டது டாக்டரம்மா" என்றார் கூட வந்த அக்கா. காசிமேட்டில் மீன் விற்பவர். "மதியம் வரை நன்றாக இருந்தது. படியில் இறங்கும்போது விழுந்தது, பிறகு எழவே இல்லை. இப்படித் துடிப்பதைப் பார்க்க முடியவில்லை. ஒரு ஊசி போட்டு நிம்மதியாக அனுப்பிவிடுங்கள்." அவர் எந்த ஊசியைச் சொல்கிறார் என்பது எனக்குத் தெரியும். சமநிலை கெட்டு விழுந்த நாய்களைக் கொண்டுவருகிறவர்களில் பலர் இதே கோரிக்கையோடுதான் வருகிறார்கள். இந்த நிகழ்வை விரிவாக எழுத நினைத்ததற்கு அதுவே காரணம்.

முதலில் வேறொன்றைக் கவனிக்க வேண்டியிருந்தது. பெட்டியில் ஏற்றும்போது அக்காவின் மகனுடைய மணிக்கட்டில் டைகரின் பல் பதிந்து இரத்தம் கசிந்திருந்தது. எச்சில் வடிகிறது, தள்ளாடுகிறது, வீட்டு ஆளையே கடித்திருக்கிறது. தெருவில் அதற்குள் "வெறி பிடித்துவிட்டது" என்று பேச்சு கிளம்பிவிட்டதாம். நம் நாட்டில் நரம்புக் கோளாறோடு வரும் எந்த நாயிடமும் வெறிநோய் இருக்கலாம் என்ற எண்ணத்தோடுதான் நாங்கள் கை வைக்கிறோம். டைகருக்கு மாநகராட்சிக் கருத்தடைத் திட்டத்தில் அறுவை செய்த அடையாளமாகக் காதில் வெட்டு இருந்தது. ஏழு மாதங்களுக்கு முன் வெறிநோய்த் தடுப்பூசி போட்ட அட்டையும் இருந்தது. பெயர் சொல்லி அழைத்தால் காதைத் திருப்பியது. குரல் மாறவில்லை, தாடை தொங்கவில்லை, தண்ணீரைக் காட்டினால் நாக்கை நீட்டியது. தலை சுற்றும் நாயைத் தரையிலிருந்து சட்டென்று தூக்கினால், எங்கோ விழுகிறோம் என்ற அச்சத்தில் அது கடிக்கும். ஆனாலும் கடிபட்டவர் விஷயத்தில் இந்த நியாயங்களுக்கு இடமில்லை. அந்தப் பையனைக் குழாயடியில் நிறுத்தி 15 நிமிடம் சோப்புப் போட்டுக் கழுவ வைத்து, அப்போதே ஸ்டான்லி மருத்துவமனைக்கு அனுப்பினேன். நாயைப் 10 நாள் கண்காணிப்பில் வைக்கப்போவதை எழுதிக் கொடுத்தேன். தடுப்பூசியை அந்தக் கண்காணிப்பு முடியட்டும் என்று தள்ளிப்போடக் கூடாது.

முதல் நாள் இரவு

கையுறை போட்டுக்கொண்டு டைகரின் தலையை இரு உள்ளங்கைகளுக்குள் தாங்கிக் கண்களைப் பார்த்தேன். இரண்டு விழிகளும் மெதுவாக வலப்பக்கம் நழுவி, சட்டென்று இடப்பக்கம் வெட்டித் திரும்பின. மறுபடி நழுவல், மறுபடி வெட்டு. அரை நிமிடத்துக்கு எண்ணினேன், 42 முறை. அசைவு முழுக்கக் கிடைமட்டம். தலையை மேலே தூக்கியபோதும் மல்லாத்தியபோதும் திசை மாறவில்லை. தலை வலப்பக்கம் ஏறத்தாழ 40 பாகை சாய்ந்திருந்தது.

அடுத்து பாதங்கள். ஒவ்வொரு பாதத்தையும் மடித்து, அதன் மேல்புறம் தரையில் படும்படி வைத்துப் பார்க்கும் எளிய சோதனை இது. செய்தி மூளைவரை சரியாகப் போய் வந்தால் நாய் உடனே பாதத்தைத் திருப்பி வைத்துக்கொள்ளும். உதவியாளர் உடம்பைத் தாங்கிப் பிடிக்க, நான்கு பாதங்களையும் சோதித்தேன். நான்கையும் டைகர் அந்தக் கணமே திருப்பிக்கொண்டது. மனம் கொஞ்சம் இலேசானது. மூளையின் அடிப்பகுதியான மூளைத்தண்டில் கோளாறு இருந்தால் பெரும்பாலும் இந்தத் திருப்பல் தாமதிக்கும் அல்லது வராது. நாய் மந்தமாகக் கிடக்கும். விழி மேலும் கீழுமாக ஆடலாம், தலையின் நிலை மாறும்போது ஆட்டத்தின் திசையும் மாறலாம். இவை எதுவும் இங்கே இல்லை. கோளாறு மூளைக்கு வெளியே, வலது காதின் பக்கம் என்பது ஏறக்குறைய உறுதியானது.

அக்காவுக்கு இதை எப்படிச் சொல்வது என்று யோசித்தேன். படகைச் சொன்னால் புரிந்துகொள்வார் என்று தோன்றியது. இரண்டு பக்கமும் துடுப்புப் போட்டுப் போகும்போது வலப்பக்கத் துடுப்பு நின்றுவிட்டால் படகு வலப்பக்கமே திரும்பும். உட்செவியில் உள்ள அரைவட்டக் குழல்கள் அப்படித்தான். இரண்டு காதுகளும் ஓய்வில்லாமல் மூளைக்குச் செய்தி அனுப்பிக்கொண்டிருக்கின்றன. நாய் அசையாமல் நிற்கும்போதும் இரண்டு பக்கமும் சமமாக அனுப்புகின்றன. வலது காது மௌனமானதும் இடது காதின் செய்தி மட்டும் மூளைக்குப் போகிறது. உடம்பு இடப்பக்கம் சுழல்வதாக மூளை நம்பிவிடுகிறது. அந்த இல்லாத சுழற்சிக்கு ஈடுகட்டப் போய் நாய் வலப்பக்கம் விழுகிறது. "அப்படியென்றால் கை கால் எல்லாம் நன்றாக இருக்கிறதா?" என்று கேட்டார். இருக்கிறது என்றேன். அவர் பெட்டியின் ஓரத்தில் உட்கார்ந்தார். அதன் பிறகு ஊசிப் பேச்சை எடுக்கவில்லை.

அன்றிரவு காதுக்குள் பார்க்கும் கருவியான ஓட்டோஸ்கோப்பை நுழைக்க முடியவில்லை. நாய் உருண்டுகொண்டே இருந்தது. இரண்டு முறை வாந்தி எடுத்தது. வயது 11, திடீரென்று வந்திருக்கிறது, மூளைத்தண்டின் அறிகுறி எதுவும் இல்லை. முதிய நாய்களுக்குக் காரணம் தெரியாமல் வரும் வெஸ்டிபுலார் நோய், அதாவது சமநிலை உறுப்பின் நோய் என்று அட்டையில் எழுதி, பக்கத்தில் ஒரு கேள்விக்குறி போட்டேன். வாந்தியையும் குமட்டலையும் அடக்க மாரோபிட்டன்ட், கிலோவுக்கு 1 மி.கி. கணக்கில் 18 மி.கி., தோலுக்கடியில். மெக்லிசின் 25 மி.கி. ஒரு வேளை. நரம்பு வழியாக ரிங்கர் லாக்டேட் திரவம். இரத்தச் சர்க்கரை 96. உடல் வெப்பம் 102.2 பாரன்ஹீட், காய்ச்சல் இல்லை.

கேள்விக்குறி சரியாகத்தான் விழுந்திருந்தது

மறுநாள் காலை வெளிச்சத்தில் பார்த்தபோது டைகரின் வலக் கண் இடக் கண்ணைப் போல இல்லை. பளபளப்பு இல்லாமல், தூசி படிந்த கண்ணாடிபோல இருந்தது. கண்ணின் நடுத்துளையான பாவை சுருங்கியிருந்தது. நாய்களுக்குக் கண்ணின் உள்மூலையில் இருக்கும் மூன்றாம் இமை பாதிவரை ஏறியிருந்தது. கண்ணோரத்தை விரலால் தொட்டேன், இமைக்கவில்லை. வலப்பக்க உதடு தொங்கியிருந்தது. முந்தின இரவு வடிந்த எச்சில் அந்தத் தொங்கிய உதட்டின் வழியாக வந்ததுதான்.

அப்போதுதான் அக்கா சொன்னார்: "மூக்கில் ஒரு பக்கம் மட்டும் ஒரு வாரமாகக் காய்ந்து கிடக்கிறது டாக்டரம்மா. நான் தேங்காய் எண்ணெய் தடவினேன்." குனிந்து பார்த்தேன். மூக்கு நுனியின் இடப்பாதி ஈரமாகக் கறுப்பு மின்ன, வலப்பாதி வெடித்துப் பொருக்குத் தட்டியிருந்தது. நான் தனியாகப் பார்த்திருந்தால் இதைக் கவனித்திருப்பேனா என்று உறுதியாகச் சொல்ல மாட்டேன். நாயோடு ஒரே அறையில் தூங்கி எழுகிறவர் கண்ணுக்கு அது தப்பவில்லை.

நடுச்செவியை ஒரு சந்து என்று வைத்துக்கொண்டால், அதில் நெருக்கமாக மூன்று குடித்தனங்கள். சமநிலை உறுப்பு இருக்கும் உட்செவி சுவரை ஒட்டி இருக்கிறது. முகத்தசைகளை இயக்கும் ஏழாவது மூளை நரம்பு அதே எலும்பின் வழியாகப் போகிறது. கண்ணீருக்கும் மூக்கின் ஈரத்துக்குமான இழைகளும் அதோடு கொஞ்ச தூரம் பயணிக்கின்றன. பாவையை விரிக்கும் பரிவு நரம்பும் அங்கேதான் கடந்து செல்கிறது. சந்தில் தீப்பிடித்தால் மூன்று வீட்டுக்கும் சேதம். முதிய நாய்களுக்குக் காரணமின்றி வரும் நோயில் உதடு தொங்காது, பாவை சுருங்காது, கண் வறளாது. இவை வந்துவிட்டால் நடுச்செவியைத்தான் சந்தேகிக்க வேண்டும். கண்ணீர் அளக்கும் ஷிர்மர் தாளை வைத்துப் பார்த்தேன். ஒரு நிமிடத்தில் இடக் கண்ணில் 19 மி.மீ., வலக் கண்ணில் 4 மி.மீ. 15க்கு மேல் இருக்க வேண்டியது. சாயம் விட்டுப் பார்த்ததில் நல்ல வேளையாகக் கருவிழியில் புண் இல்லை.

காதை விரித்ததும் நாற்றம் அடித்தது. துளை வீங்கி, மஞ்சளும் பழுப்புமாகச் சீழ் கோத்திருந்தது. பஞ்சில் எடுத்து, சாயமேற்றி நுண்ணோக்கியில் பார்த்ததில் கொத்துக் கொத்தாகக் கோளவடிவ பாக்டீரியாவும், வேர்க்கடலை வடிவில் மலசீசியா ஈஸ்ட் என்ற பூஞ்சையும் தெரிந்தன. பிறகு ஒன்றன்பின் ஒன்றாகக் கதை வந்தது. நவம்பர் மழையில் தெருவில் தண்ணீர் நின்ற நாட்களில் டைகர் அதில்தான் சுற்றியிருக்கிறது. அப்போதிருந்தே தலையை உதறுவதும் காதைச் சொறிவதும் உண்டு. மருந்துக் கடையில் கேட்டு ஒரு சொட்டு மருந்து வாங்கி, 10 நாளாக இரு வேளையும் விட்டிருக்கிறார்கள். குப்பியைக் கொண்டுவரச் சொன்னேன். அதில் ஜென்டாமைசின் என்ற கிருமிக்கொல்லி இருந்தது.

செவிப்பறை முழுதாக இருக்கும்போது அந்த மருந்தால் பெரும்பாலும் தொல்லை இல்லை. பறை கிழிந்திருந்தால் அதே மருந்து நடுச்செவிக்குள் இறங்கி, உட்செவியின் உணர்மயிர்ச் செல்களைச் சிதைக்கக் கூடியது. நியோமைசினும் குளோர்ஹெக்சிடினும் அப்படித்தான். பறையைக் கண்ணால் பார்க்காமல் காதில் எதையும் ஊற்றக் கூடாது என்று எங்களுக்குக் கல்லூரியில் சொல்லித் தந்ததற்கு இதுதான் காரணம். டைகரின் உட்செவியைக் கெடுத்ததில் சீழின் பங்கு எவ்வளவு, சொட்டு மருந்தின் பங்கு எவ்வளவு என்று பிரிக்க வழியில்லை. முகநரம்பும் பரிவு நரம்பும் பாதிக்கப்பட்டிருந்ததால் முதல் குற்றவாளி சீழ்தான் என்பது என் கணிப்பு. சொட்டு மருந்தை அன்றே நிறுத்தினேன்.

இரத்தப் பரிசோதனையில் பெரிதாக ஒன்றும் இல்லை. உண்ணிக் காய்ச்சல் கிருமிகள் தெரியவில்லை, தைராய்டு அளவும் சரியாக இருந்தது.

வேப்பேரியும் வீடும்

நான்காம் நாள், நாய் மயக்க மருந்தைத் தாங்கும் நிலைக்கு வந்ததும், வேப்பேரி கால்நடை மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்கு அனுப்பினேன். வாயைத் திறந்து வைத்து எடுத்த எக்ஸ்-ரேயில், இடப்பக்க நடுச்செவியின் எலும்புக் குமிழ் காற்று நிறைந்து கறுப்பாகத் தெரிய, வலப்பக்கக் குமிழ் வெளுத்துச் சுவர் தடித்திருந்தது. காதைக் கழுவிய பிறகு பார்த்ததில் செவிப்பறையின் பெரும்பகுதி இல்லை. உடல்சூட்டுக்குக் கொண்டுவந்த உப்புநீரால் மட்டுமே கழுவினார்கள். குளிர்ந்த நீர் பட்டால் அதுவே உட்செவியைக் கலக்கித் தலைசுற்றலைக் கிளப்பும். உள்ளிருந்து எடுத்த சீழை வளர்ப்புச் சோதனைக்குக் கொடுத்ததில் ஸ்டஃபைலோகாக்கஸ் வளர்ந்தது. அமாக்சிசிலின்-கிளாவுலனேட்டுக்கு அது கட்டுப்படும் என்றும் தெரிந்தது.

இரண்டாம் நாளே நான் தொடங்கியிருந்த அதே மருந்தைத் தொடர்ந்தோம். 375 மி.கி. மாத்திரை, நாளுக்கு இரு வேளை, மொத்தம் ஆறு வாரம். ஈஸ்டுக்கு இட்ரகோனசோல் 100 மி.கி. உணவோடு ஒரு வேளை, மூன்று வாரம். காதுத் துளையின் வீக்கம் வடிய பிரெட்னிசோலோன் 10 மி.கி. ஆறு நாள் மட்டும். சமநிலை திரும்புவதற்கு ஸ்டீராய்டு தேவையில்லை என்பதைச் சொல்லிவிடுகிறேன். விழுந்த நாய் என்றாலே அதிக அளவில் ஸ்டீராய்டு ஏற்றும் பழக்கம் இன்னும் பல இடங்களில் இருக்கிறது. அதனால் சீழ் உள்ள காதில் கிருமிக்குத்தான் சாதகம். வலக் கண்ணுக்குச் செயற்கைக் கண்ணீர் நான்கு மணி நேரத்துக்கு ஒரு முறை, இரவில் களிம்பு.

ஆறு வாரம் என்றதும் அக்கா தயங்கினார். மாத்திரைச் செலவு அவருக்குச் சிறிய தொகை இல்லை. ஆனால் நடுச்செவி எலும்புக் குமிழுக்குள் இருக்கும் சீழ் ஒரு வார மருந்தில் அடங்காது. பாதியில் விட்டால் திரும்ப வரும், திரும்பத் திரும்ப வந்தால் காதுத் துளையையே அகற்றிக் குமிழைத் திறக்கும் பெரிய அறுவை வரை போகும். இரண்டின் செலவையும் கணக்குப் போட்டுக் காட்டினேன். மாத்திரையைத் தேர்ந்தெடுத்தார். ஒரு வேளைகூடத் தவறவில்லை என்பதை மாத்திரை அட்டைகளைச் சேர்த்து வைத்துக் காட்டினார்.

மருந்துக்கு நிகராக வேலை செய்தது வீட்டுப் பராமரிப்பு. பத்துக்குப் பத்து அறை, வழுவழுப்பான டைல்ஸ் தரை. சமநிலை இழந்த நாய்க்கு இதைவிடக் கெட்ட தரை கிடையாது. சாக்குகளை விரிக்கச் சொன்னேன். இரண்டு பக்கமும் அணைப்பாக ஏதாவது வைக்கச் சொன்னபோது, அக்காவின் கணவர் கிழிந்த மீன்வலையைக் கனமாகச் சுருட்டி வளையமாக்கினார். நகம் சிக்காதபடி அதன்மேல் பருத்திப் புடவையைச் சுற்றித் தைத்தார். உடம்புக்கு ஏற்றபடி அழுந்தி, உருள விடாமல் தாங்கும் மெத்தை அது. கடையில் விற்கும் எந்தப் படுக்கையும் அத்தனை பொருத்தமாக இருந்து நான் பார்த்ததில்லை. உருளல் அன்றே குறைந்தது.

நான்கு மணி நேரத்துக்கு ஒரு முறை புரட்டிப் படுக்க வைப்பது, வயிற்றுக்கடியில் துண்டைக் கொடுத்துத் தாங்கி வெளியே கூட்டிப்போவது, தூக்கும்போது உடம்போடு ஒட்டி அணைத்து மெதுவாகத் தூக்குவது என்று ஒவ்வொன்றாகச் செய்துகாட்டினேன். இரவில் சிறிய விளக்கு எரியட்டும் என்றேன். காது கைவிட்ட நிலையில் நாய்க்குக் கண்ணும் பாதமும்தான் துணை. இருட்டில் அந்தக் கண்ணும் பயன்படாது. சோற்றை மீன் குழம்பின் தெளிவில் பிசைந்து, முள் இல்லாமல், நெல்லிக்காய் அளவு உருண்டைகளாக நெஞ்சை நிமிர்த்தி வைத்து ஊட்டினார்கள். குழம்பில் வெங்காயமும் மிளகாயும் வேண்டாம் என்று சொல்லியிருந்தேன். அதற்கென்று தனிச் சட்டி வைத்தார்களாம். தண்ணீரைச் சிரிஞ்சால் வாயில் பீய்ச்ச வேண்டாம், கிண்ணத்தைத் தாடைக்கு நேரே பிடித்தால் போதும் என்றேன். படுத்த நிலையில் பீய்ச்சிய தண்ணீர் நுரையீரலுக்குப் போனால், காது நோயில் பிழைத்த நாய் நிமோனியாவில் போய்விடும்.

மூன்றாம் நாள் மாலை விழி ஆட்டம் நின்றது. தலையைத் திருப்பினால் மட்டும் கொஞ்சம் வரும். ஐந்தாம் நாள் சுவரை ஒட்டிச் சாய்ந்து, நான்கு கால்களையும் அகல வைத்து நடந்தது. பத்தாம் நாள் கண்காணிப்பும் முடிந்தது. வெறிநோய்ப் பேச்சு தெருவில் அடங்கியது. பன்னிரண்டாம் நாள் தானாகவே வாசல்படி இறங்கியது. காது பழைய நிலைக்கு வந்துவிட்டதால் நடந்த முன்னேற்றம் அல்ல இது. ஒரு பக்கச் செய்தி வரவில்லை என்பதை ஏற்றுக்கொண்டு மூளை தன் கணக்கைத் திருத்திக்கொள்கிறது. நாய் நடக்க நடக்கத்தான் அந்தத் திருத்தம் வேகமாகும். கூண்டில் அடைத்து வைத்தால் தாமதிக்கும்.

ஒப்பிட இரண்டு நாய்கள்

டைகருக்கு இரண்டு மாதம் முன்பு கொருக்குப்பேட்டையிலிருந்து வந்த ஸ்பிட்ஸ் ஒன்று நினைவுக்கு வருகிறது. 8 கிலோ எடை. வயிற்றுப்போக்குக்கு மனிதர்கள் சாப்பிடும் 400 மி.கி. மெட்ரோனிடசோலை நாளுக்கு மூன்று வேளை, ஒன்பது நாள் கொடுத்திருந்தார்கள். நாளுக்குக் கிலோவுக்கு 150 மி.கி. வருகிறது. 60ஐத் தாண்டினாலே நரம்பு நஞ்சாக மாறலாம். சில நாய்களுக்கு அதற்குக் குறைவிலும். அதன் விழிகள் மேலும் கீழுமாக ஆடின. பாதத்தை மடித்து வைத்தால் அப்படியே விட்டுவிட்டது. இரண்டுமே கோளாறு மூளையில் என்று சொல்லும் அடையாளங்கள். டைகரைவிட அது பார்க்க அமைதியாகத்தான் இருந்தது, ஆனால் நிலை அதைவிட மோசம். மாத்திரையை நிறுத்தி, மூன்று நாள் டயசெபாம் கொடுத்ததில் தெளிந்து போனது.

இன்னொன்று ராயபுரத்து லாப்ரடார், 13 வயது. காது சுத்தம், பறை முழுசு, முகம் ஒழுங்கு. உருண்டதும் வாந்தி எடுத்ததும் டைகரைப் போலவே. முதிய நாய்களுக்குக் காரணமின்றி வருவது என்றேனே, அது இதுதான். திரவமும் வாந்தி மருந்தும் சாக்கு விரிப்பும் தவிர வேறு எதுவும் கொடுக்கவில்லை. மூன்றாம் நாள் சாப்பிட்டது, மூன்றாம் வாரம் கடற்கரைக்குப் போனது.

மூன்று நாய்களும் முதல் இரவில் எழ முடியாமல் தரையில்தான் கிடந்தன. மூன்று வீட்டிலும் வாதம் என்றுதான் சொன்னார்கள். மூளைக்கு இரத்தம் தடைப்படுவது நாய்களுக்கும் உண்டு, மறுக்கவில்லை. ஆனால் காதைத் திறந்து பார்க்காமல், விழி ஆடும் திசையைக் கவனிக்காமல், பாதத்தை மடித்துச் சோதிக்காமல் அந்தச் சொல்லைச் சொன்னால், அடுத்த வாக்கியம் உயிரை முடிக்கும் ஊசியாகிவிடுகிறது. முதல் மூன்று நாளின் தோற்றத்தை வைத்து அந்த ஊசிக்கு நான் சம்மதிப்பதில்லை. நாய் வலியில் துடிப்பதாக வீட்டில் இருப்பவர்கள் நினைக்கிறார்கள். பெரும்பாலும் அது தலைசுற்றலும் குமட்டலும். அடக்க மருந்து இருக்கிறது.

இப்போதைய நிலை

ஆறு வாரம் முடிந்ததும் எடுத்த மாதிரியில் பாக்டீரியாவும் ஈஸ்டும் இல்லை. பறையில் மெல்லிய புதுச் சவ்வு வளரத் தொடங்கியிருந்தது. பாவையும் மூன்றாம் இமையும் இரண்டாம் மாதம் சரியாகின. முகநரம்பு முழுதாக மீளவில்லை: இமைக்கிறது, ஆனால் பாதி. வலப்பக்க உதடு இன்னும் சற்றுத் தொங்கல்தான். மூன்றாம் மாத இறுதியில் கண்ணீர்த் தாள் 11 மி.மீ. காட்டியது. செயற்கைக் கண்ணீரை நாளுக்கு மூன்று வேளை தொடரச் சொல்லியிருக்கிறேன். தலைச்சாய்வு 10 பாகை அளவில் நின்றுவிட்டது. அது இனி மாறும் என்று நான் நினைக்கவில்லை. மாதம் ஒரு முறை காதைக் காட்ட வேண்டும், மழைத் தண்ணீரில் நனைந்தால் அன்றே துடைத்து உலர்த்த வேண்டும்.

போன வாரம் கண்ணீர் அளக்க வந்தபோது டைகர் மீன்பாடி வண்டியில் நின்றுகொண்டே வந்தது. வண்டி நின்றதும் யாரும் தூக்கும் முன்பே குதித்தது. வலது முன்னங்கால் ஒரு விரற்கடை வெளியே போனது, உடனே உள்ளே இழுத்து ஊன்றிக்கொண்டது. சாய்ந்த தலையோடு என்னைப் பார்த்தது. மூக்கைத் தொட்டுப் பார்த்தேன். வலப்பக்கமும் ஈரமாக இருந்தது.